டாக்டர் ஹூ: எழுத்து எங்கே சறுக்குகிறது? மூன்று கம்பெனிக் கதைகளை வைத்து ஒரு விவாதம்

நொய்யல்கரை (திருப்பூர்)

டாக்டர் ஹூ தொடருக்குப் புதிதாக ஒரு தலைமை எழுத்தாளர் வரும்போதெல்லாம் நம் ஆட்களுக்குள் அதே சண்டை. ரசல் டி டேவிஸ்தான் உசத்தி, இல்லை ஸ்டீவன் மாஃபட்தான், கிறிஸ் சிப்னால் வந்துதான் எல்லாம் கெட்டது. 1963 நவம்பரில் தொடங்கி, 1989-இல் நின்று, 2005-இல் திரும்ப வந்த பிரிட்டிஷ் தொலைக்காட்சித் தொடர் இது; டார்டிஸ் என்கிற கால இயந்திரத்தில் துணைகளோடு ஊர் சுற்றுகிற, உருமாறி உருமாறி வாழ்கிற 'டாக்டர்' என்கிற வேற்றுக்கிரகவாசியின் கதை. எத்தனையோ பேர் கை பட்டது. ஒருவருடைய காலத்தை மொத்தமாக நல்லது, கெட்டது என்று ஒதுக்கிவிட்டால் எழுத்தைப் பற்றிப் பேசினதாகவே ஆகாது. கதை கதையாக எடுத்துப் பேசலாமே என்றுதான் இதைத் தொடங்குகிறேன்.

நான் எடுத்துக்கொள்வது மூன்று கதைகள். மூன்றிலும் ஒரு பெரிய கம்பெனி இருக்கிறது, அதற்குக் கீழே உழைக்கிற ஜனங்கள் இருக்கிறார்கள், நடுவில் டாக்டர் போய் இறங்குகிறார். 1977-இல் ராபர்ட் ஹோம்ஸ் எழுதிய 'த சன் மேக்கர்ஸ்', 2017-இல் ஜேமி மாத்திசன் எழுதிய 'ஆக்ஸிஜன்', 2018-இல் பீட் மெக்டைக் எழுதிய 'கெர்ப்லாம்'. பனியன் கம்பெனிகளுக்கு நடுவே பிறந்து வளர்ந்தவனுக்கு இவை தூரத்துக் கதைகளாகத் தெரியவில்லை.

சன் மேக்கர்ஸில் புளூட்டோவைச் சுற்றி ஆறு செயற்கைச் சூரியன்கள். சூரியன் கம்பெனியுடையது, அதனால் ஜனங்களும் கம்பெனியுடையவர்கள் மாதிரி. எதற்கெடுத்தாலும் வரி. கார்டோ என்கிற தொழிலாளியின் அப்பா இறந்துவிட்டார். சாவு வரி கட்டுவதற்கு அவன் காசு சேர்த்து வைத்திருக்கிறான். கொண்டுபோனால், வரி ஏறிவிட்டது என்கிறார் அதிகாரி. வழி தெரியாமல் கூரைக்குப் போய்க் குதிக்கப் பார்க்கிறான். டாக்டர் வந்து இறங்குவது அந்தக் கூரையில்தான். கடைசியில் அதே அதிகாரியை ஜனங்கள் கூரையிலிருந்து தூக்கி எறிகிறார்கள். கம்பெனித் தலைவனை டாக்டர் அவன் பாணியிலேயே ஒரு வளர்ச்சி வரி போட்டுத் திவாலாக்குகிறார். தொடக்கத்தில் கூரை, முடிவிலும் கூரை. முதலில் நின்றவன் யார், கடைசியில் விழுந்தவன் யார் என்று பாருங்கள். எழுத்து என்றால் எனக்கு அதுதான்.

ஆக்ஸிஜனில் மூச்சுக்கே காசு. விண்வெளிச் சுரங்க நிலையத்தில் நாற்பது பேரில் நாலு பேர்தான் மிச்சம். மற்றவர்களைக் கொன்றது அவர்கள் போட்டிருந்த கம்பெனி உடுப்பு. ஆட்கள் வரவுக்கு மேல் செலவு வைக்கிறார்கள் என்று கணக்குப் போட்டு, தலைமை அலுவலகம் உடுப்புக்குக் கட்டளை அனுப்பிவிட்டது. டாக்டர் என்ன செய்கிறார்? நாங்கள் செத்தால் நிலையமே வெடிக்கும் என்று இணைப்பைக் கொடுத்துவிடுகிறார். ஆளைக் கொல்வதை விட உயிரோடு விடுவது லாபம் என்று ஆனதும் உடுப்புகள் நின்றுவிடுகின்றன. கம்பெனியின் கணக்கு மனசு மாறவில்லை, கூட்டல் கழித்தல்தான் மாறியது. கதை சொல்ல வந்ததைக் கடைசி நொடி வரை விடவில்லை.

இப்போது கெர்ப்லாம். நிலா ஒன்றை முழுக்கக் கிடங்காக்கி வைத்திருக்கிற கம்பெனி. சட்டத்துக்காகப் பத்தில் ஒரு பங்கு வேலை மட்டும் மனிதர்களுக்கு. காலில் கட்டிய பட்டை வேகத்தை அளக்கிறது. இரண்டு வார்த்தை பேசினால் ரோபோ வந்து கண்டிக்கிறது. முதல் பாதி அருமை. அப்புறம், கெட்டவன் பராமரிப்பு வேலை செய்யும் சார்லி என்கிற பையன் என்று தெரிகிறது. இயந்திரத்தின் மேல் ஜனங்களுக்கு நம்பிக்கை போகட்டும் என்று வாடிக்கையாளர்களுக்கே குண்டு அனுப்பப் பார்க்கிறான். டாக்டர் அவனிடம், அமைப்பில் பிரச்சினை இல்லை, அதைப் பயன்படுத்தும் ஆட்களிடம்தான் பிரச்சினை என்கிறார். காலில் பட்டை கட்டியது யார்? அந்தக் கேள்வியைக் கதையே எழுப்பிவிட்டு, கதையே மறந்துபோகிறது.

என் கட்சி இதுதான்: இந்தத் தொடரில் எழுத்து சறுக்குவது முடிவில். முதல் பத்து நிமிடத்தில் எழுப்பிய கேள்விக்கு முகம் கொடுக்காமல், வேறு கேள்விக்குப் பதில் சொல்லிவிட்டு எழுந்து போகிற இடத்தில்.

சோமனூர் தறி

அண்ணா, கெர்ப்லாம் மேல் இப்படி விழவேண்டாங்க. எங்கள் வீடே விசைத்தறிக் கூலியில் ஓடிய வீடு. இப்போது ஆட்டோலூம் பராமரிக்கிற வேலையில் இருக்கிறேன். இயந்திரம் வந்ததால் கூலி போனவர்களையும் தெரியும், இயந்திரம் வந்ததால் காது கேட்காமல் போகாதவர்களையும் தெரியும். சாதா தறிச் சத்தத்தில் வாழ்நாள் முழுக்க நின்றவர்களிடம் கேட்டுப் பாருங்கள்.

டாக்டர் சொன்னது தப்பே இல்லை. அந்தக் கிடங்குக் கணினியே டாக்டருக்குப் பார்சலில் உதவி கேட்டு எழுதியது என்பதுதான் கதையின் திருப்பம். எல்லோரும் கணினிதான் வில்லன் என்று எதிர்பார்ப்போம். எழுத்தாளர் அதைத் திருப்பிப் போட்டார். எதிர்பார்த்ததையே தருவது மட்டும்தான் நல்ல எழுத்தா? ஆயிரக்கணக்கான பேரைக் கொல்லப் போனவனை டாக்டர் தட்டிக்கொடுத்திருக்க வேண்டுமா?

நொய்யல்கரை (திருப்பூர்)

தம்பி, சார்லியை விட்டுவிட வேண்டும் என்று யார் சொன்னது? அவன் கொலைகாரன், தடுத்தே ஆக வேண்டும். ஆனால் அந்தக் கதையில் 'ஆளுக்கு வேலை இல்லாமல் போகிறதே' என்று வாய் திறந்து எதிர்க்கிற ஆள் அவன் ஒருவன்தான். அந்த ஒரே ஆளைக் கொலைகாரனாக எழுதியதால், அவன் செத்ததும் அவன் கேட்ட கேள்வியும் சேர்ந்து செத்துப்போகிறது. சன் மேக்கர்ஸில் ஹோம்ஸும் கலகக்காரர்களை உத்தமர்களாக எழுதவில்லை. கத்தியைக் காட்டி மிரட்டுகிற முரடர்கள்தான் அவர்கள். அதனால் அவர்கள் கேட்ட நியாயம் குறையவில்லை.

இன்னொன்று. கிரா என்கிற பெண்ணைக் கொன்றது யார்? சார்லி அவளை விரும்புகிறான் என்று தெரிந்து, உயிர் போனால் எப்படி வலிக்கும் என்று அவனுக்குக் காட்டுவதற்காக அந்தக் கணினி அவளைக் கொன்றது. எந்தப் பாவமும் செய்யாத பிள்ளை. வாழ்க்கையில் தனக்குப் பரிசு என்று ஒன்று வந்ததை அத்தனை சந்தோஷமாகச் சொன்ன பிள்ளை. பெட்டியைத் திறந்து, குண்டு ஒளிந்திருந்த குமிழ் உறையை ஆசையாக அமுக்கியதும் முடிந்துபோகிறாள். அதைச் செய்த கணினியைப் பற்றி, பிரச்சினை அதனிடம் இல்லை என்று டாக்டரே சொன்னால், எழுதியவர் தன் கதையைத் தானே திரும்பப் படிக்கவில்லை என்றுதான் நினைக்கத் தோன்றுகிறது.

செக்கிங் டேபிள்

நான் அதிகம் எழுதுவதில்லை. இதைப் பார்த்ததும் எழுதாமல் இருக்க முடியவில்லை.

பன்னிரண்டு மணி நேரம், அதாவது ஒன்றரை ஷிப்ட் நின்றுகொண்டே பீஸ் பார்ப்பேன். தையல் விட்டிருக்கிறதா, கறை இருக்கிறதா என்று பார்த்துத் தள்ளிக்கொண்டே இருக்க வேண்டும். ஷிப்மெண்ட் நெருங்கினால் பக்கத்தில் இருக்கிற அக்காவிடம் நேரம் என்ன என்று கேட்கக்கூட முகம் திரும்பாது. கெர்ப்லாமில் டேன் என்று ஒருவர் வருவார். மகளைப் பார்ப்பதே வருஷத்தில் ஒன்றிரண்டு தடவை. அவள் செய்து கொடுத்த கழுத்துச் சங்கிலியை டாக்டரின் துணையான யாஸிடம் காட்டுவார். அவர் பேசும் விதம், தூரத்துப் பார்சலைத் தானே எடுக்கப் போகிறேன் என்று யாஸுக்குப் பதிலாகப் போவது, எல்லாம் எங்கள் டேபிளில் பார்க்கிறதுதான். அந்தக் காட்சியை எழுதியவருக்கு வேலை செய்கிற ஜனங்களைத் தெரிந்திருக்கிறது. அதனால் முழுக் கதையும் மோசம் என்று என்னால் சொல்ல முடியாதுங்க.

ஆனால் முடிவில் கம்பெனி என்ன அறிவிக்கிறது என்று கவனித்தீர்களா? ஒரு மாதம் கிடங்கு மூடல், தொழிலாளர்களுக்கு இரண்டு வாரச் சம்பளம். மீதி இரண்டு வாரம்? டாக்டர் அந்த இடத்தில் நிற்கிறார், ஒன்றும் கேட்கவில்லை. எந்த அநியாயத்தையும் பார்த்துவிட்டுச் சும்மா போகாத ஆள் என்றுதானே நாம் இவரை இத்தனை வருஷம் பார்க்கிறோம்? சனிக்கிழமைச் சம்பளத்தை வைத்துக் குடும்பம் நடத்துகிற யாரும் அந்த வசனத்தைக் கேட்டதும் அப்படியே உட்கார்ந்துவிடுவார்கள். எழுதியவர் அதை ஒரு கெட்ட விஷயமாகக் காட்டுவதற்காக வைத்தாரா, நல்ல முடிவு என்று நினைத்து வைத்தாரா என்பதே எனக்குப் பிடிபடவில்லை. அது பிடிபடாததுதான் குறை.

பொள்ளாச்சி காந்தி சந்தை

எல்லோரும் ஒரு எபிசோடையே சுற்றுகிறீர்கள். தொடரின் அஸ்திவாரத்தையே உடைத்தது 2020-இல் சிப்னால் எழுதிய 'த டைம்லெஸ் சில்ட்ரன்'. டாக்டர் வேற்றுப் பிரபஞ்சத்திலிருந்து வந்த குழந்தை, முதல் டாக்டருக்கு முன்னாலேயே எத்தனையோ பிறவிகள் என்று ஆக்கிவிட்டார்கள். ஊர்சுற்றியாகக் கிளம்பிய ஒரு சாதாரண ஆள் என்பதில் இருந்த அழகே போச்சு. அதற்கு முன்னால் கெர்ப்லாம் எல்லாம் ஒரு பிரச்சினையா?

பவானி கூடுதுறை

கண்ணு, வரலாற்றை மாற்றியதே குற்றம் என்றால் 1976-இல் ஹோம்ஸ் எழுதிய 'த டெட்லி அசாசின்' கதையையும் குற்றக் கூண்டில் ஏற்ற வேண்டும். அதுவரை பெரிய தெய்வங்கள் மாதிரி இருந்த, டாக்டரின் இனத்தாரான டைம் லார்டுகளைக் கிழட்டு அரசியல்வாதிகளாக்கியது அவர். பன்னிரண்டு முறைதான் உருமாற முடியும் என்ற கணக்கும் அதில்தான் வந்தது. அன்றைய ரசிகர் சங்கத்தில் கொதித்துப் போனார்கள். இன்று அதே கதையை எல்லோரும் தலையில் தூக்கி வைத்து ஆடுகிறோம். அதே 1976-இல் வந்த 'த பிரெய்ன் ஆஃப் மார்பியஸ்' கதையிலேயே முதல் டாக்டருக்கு முந்தைய முகங்கள் என்று சிலவற்றைக் காட்டிவிட்டார்கள். சிப்னால் அந்த நூலைத்தான் பிடித்தார்.

டைம்லெஸ் சில்ட்ரனில் என் குறை வேறு. டாக்டரைக் கட்டிப்போட்டு நிறுத்திவிட்டு அவருடைய பழைய எதிரி மாஸ்டர் பேசுகிறான், பேசுகிறான், பேசிக்கொண்டே இருக்கிறான். பெண் உருவில் இருக்கிற டாக்டர், நம் கதாநாயகி, கேட்டுக்கொண்டு நிற்கிறாள். தன்னைப் பற்றிய இவ்வளவு பெரிய உண்மையை அவள் தானே தேடிக் கண்டுபிடித்திருந்தால் நமக்கும் நெஞ்சு பதறியிருக்கும். இருபது வருஷம் வகுப்பில் நின்று பாடம் சொல்கிறவள் என்பதால் சொல்கிறேன், சொல்லிக் கொடுத்தது தங்காது.

ஆனால் சிப்னால் காலம் முழுக்கக் குப்பை என்றால் சண்டைக்கு வருவேன். 2018-இல், கெர்ப்லாமுக்கு முந்தைய வாரம் வந்ததுதான் வினய் பட்டேல் எழுதிய 'டீமன்ஸ் ஆஃப் த பஞ்சாப்'. யாஸின் பாட்டி அம்ப்ரீன் இளம் பெண்ணாக, 1947 ஆகஸ்டில், பிரேம் என்கிற இந்துப் பையனைக் கல்யாணம் செய்துகொள்ளப் போகிறாள். எல்லைக்கோடாகக் கயிறு கட்டியிருக்கிறது. அந்தக் கயிற்றின் மேலேயே இருவர் கையையும் கட்டி, டாக்டர் கல்யாணம் செய்து வைக்கிறார். பிரேம் கைக்கடிகாரத்தைக் கீழே போட, அது உடைந்து நின்றுவிடுகிறது. இது நம் நேரம், இதைச் சரிசெய்ய வேண்டாம் என்கிறார்கள். அதன் பிறகு பிரேமின் சொந்தத் தம்பி மனீஷ் கூட்டிவந்த ஆட்கள் சுடுகிறார்கள். டாக்டரால் தடுக்க முடியாது. தடுத்தால் யாஸ் பிறக்கவே மாட்டாள். முதுகைக் காட்டி நடந்து போகிறார்கள், பின்னால் சத்தம் மட்டும் கேட்கிறது.

வேற்றுக்கிரகத்து ஆட்கள் கொலைகாரர்கள் இல்லை, தனியாகச் சாகிறவர்களுக்குச் சாட்சியாக நிற்க வந்தவர்கள் என்பதும் ஒரு திருப்பம்தான். சோமனூர்த் தம்பி சொன்ன கெர்ப்லாம் திருப்பமும் அதே ரகம், கெட்டவன் என்று நினைத்தவன் கெட்டவன் இல்லை. ஆனால் இங்கே அந்தத் திருப்பம் நம் பார்வையை மனீஷ் மேல் கொண்டுபோய் நிறுத்துகிறது. வெளியிலிருந்து யாரும் வரவில்லை, வீட்டுக்குள்ளிருந்துதான் வந்தது என்கிறது. கெர்ப்லாமில் திருப்பம் நம் பார்வையைக் கம்பெனியை விட்டு வேறு பக்கம் இழுத்துக்கொண்டு போகிறது.

சோமனூர் தறி

அக்கா சொன்னது சரிதான், அந்தக் கதையை நானும் மதிக்கிறேன். ஆனால் ஒன்றை யோசியுங்கள். சன் மேக்கர்ஸ் இருபத்தைந்து நிமிடம் வீதம் நாலு பாகம். கெர்ப்லாம் ஐம்பது நிமிடத்துக்குள் முடிய வேண்டும், அதற்குள் டாக்டரோடு மூன்று துணைகளுக்கும் வேலை கொடுத்தாக வேண்டும். 2005-இல் ஒரு சீசனுக்குப் பதின்மூன்று எபிசோடு. 2018-இல் பத்து. 2024-இல் எட்டு. ஆட்களை ஆற அமர எழுத இடமே இல்லை. குறையை முடிவின் மேல் போடுகிறீர்கள், நான் நேரத்தின் மேல் போடுகிறேன்.

நொய்யல்கரை (திருப்பூர்)

நேரம் குறைவு என்பது உண்மை. எட்டு எபிசோடில் டாக்டரும் துணையும் ஒருவரையொருவர் தெரிந்துகொள்வதற்குள் சீசன் முடிந்துபோகிறது, அதை மறுக்கவில்லை. ஆனால் ஆக்ஸிஜனும் ஒரே எபிசோடுதானே? அதில் இன்னொன்றும் கவனியுங்கள். தன் துணையான பில் என்கிற பெண்ணைக் காப்பாற்றத் தன் தலைக்கவசத்தைக் கழற்றிக் கொடுத்ததால் டாக்டருக்குக் கண் போகிறது. எபிசோடு முடியும்போது சரியாகிவிட்டது என்று எல்லோரிடமும் சொல்கிறார். கடைசியில் இன்னொரு துணையான நார்டோலிடம் மட்டும், இன்னும் தெரியவில்லை என்கிறார். அந்தக் குருட்டுத்தன்மை அடுத்த எபிசோடிலும் தொடர்ந்து, அதற்கடுத்ததில்தான் தீர்கிறது, அதுவும் பில் ஒரு பெரிய விலை கொடுத்து. கொடுத்த விலையை எழுத்தாளர் திருப்பி வாங்கவில்லை. அதற்குக் கூடுதல் நிமிடம் தேவைப்படவில்லை, துணிச்சல்தான் தேவைப்பட்டது.

வெள்ளகோவில் உடுக்கை

விலையைத் திருப்பி வாங்குவது என்று அண்ணன் சொன்னதைப் பிடித்துக்கொண்டு மாஃபட்டிடம் வருகிறேன். 2015-இல் வந்த 'ஹெவன் சென்ட்' இந்தத் தொடரின் உச்சம் என்பேன். டாக்டராகப் பீட்டர் கபால்டி கிட்டத்தட்ட தனியாகவே நடித்த எபிசோடு. வைரத்தை விட நானூறு மடங்கு கெட்டியான சுவரைக் கையால் குத்துகிறார், சாகிறார், திரும்பத் தொடக்கத்திலிருந்து வருகிறார். நானூற்று ஐம்பது கோடி வருஷம். கடலுக்கடியில் கிடக்கும் மண்டையோடுகள் யாருடையவை என்று தெரிகிற நேரத்தில் மயிர் கூச்செறியும். எல்லாம் தன் துணையான கிளாராவின் சாவைத் தாங்கமுடியாமல்.

அடுத்த வாரம் 'ஹெல் பென்ட்'. சாவதற்கு முந்தைய கணத்திலிருந்து கிளாராவை வெளியே எடுத்துவிடுகிறார்கள். எனக்கு அது துரோகமாகத்தான் பட்டது. நம் பக்கம் அண்ணமார் சாமி கதையை இராத்திரி இராத்திரியாக உடுக்கை அடித்துப் பாடுகிறார்கள். பாடுகிறவர் மாறினால் நடுவில் எத்தனையோ மாறும், ஒருவர் வளர்ப்பதை இன்னொருவர் சுருக்குவார். பொன்னரும் சங்கரும் படுகளத்தில் விழுவதை மட்டும் யாரும் மாற்றிப் பாடுவதில்லை. மாற்றினால் கேட்கிற சனம் எழுந்து போய்விடும்.

பவானி கூடுதுறை

அந்தக் கதையிலும் அருக்காணித் தங்காள் படுகளத்துக்குப் போய் அண்ணன்மாரை எழுப்புகிறாளே, அது திருப்பி வாங்கியது ஆகாதா?

வெள்ளகோவில் உடுக்கை

எழுப்புகிறாள் அக்கா, ஆனால் பேசிவிட்டுப் போகத்தான் எழுப்புகிறாள். அவர்கள் வீட்டுக்குத் திரும்பி வருவதில்லை. தங்கை தனியாகத்தான் நிற்கிறாள். சாவு சாவாகவே இருக்கிறது.

பவானி கூடுதுறை

அப்படிப் பார்த்தால் கிளாராவும் அதேதான். அவளுக்கு நாடித்துடிப்பு இல்லை. என்றைக்கானாலும் தான் செத்த தெருவுக்குத் திரும்பிப் போய்ச் சாக வேண்டியவள்தான், கொஞ்சம் சுற்றிப் போகிறாள், அவ்வளவுதான். டாக்டருக்கோ அவளைப் பற்றிய நினைவே போய்விடுகிறது. உணவகத்தில் அவள் எதிரே நிற்க, அவள் யாரென்று தெரியாமல் கிதார் வாசித்தபடி அவள் கதையையே அவளுக்குச் சொல்கிறாரே, அது விலை இல்லையா? எனக்கு அது ஹெவன் சென்ட்டுக்குக் குறைந்த எழுத்தாகத் தெரியவில்லை.

வெள்ளகோவில் உடுக்கை

உணவகக் காட்சி நல்ல காட்சி. ஆனால் அதற்கப்புறம் அவளும் சாவில்லாத அஷில்டர் என்கிற பெண்ணும் சொந்தமாக ஒரு டார்டிஸில் ஏறிச் சிரித்துக்கொண்டு ஊர் சுற்றக் கிளம்புகிறார்கள். எனக்கு அந்தச் சிரிப்புதான் ஒப்பவில்லை. இதில் நாம் இருவரும் ஒத்துப்போக மாட்டோம் அக்கா, விட்டுவிடலாம்.

பொள்ளாச்சி காந்தி சந்தை

இவ்வளவையும் படித்த பிறகு ஒரு கேள்வி. முடிவுதான் எல்லாம் என்றால் ரசல் டி டேவிஸ் முதல் தடவை எழுதிய காலத்தை என்ன சொல்வீர்கள்? 2007 சீசன் முடிவில் உலகமே ஒரே நேரத்தில் 'டாக்டர்' என்று சொல்ல, டாக்டர் பறந்து எழுந்து வருவார். தர்க்கம் பார்த்தால் நிற்காது. ஆனாலும் டேவிஸ் எழுதிய ஆட்கள் மனசில் நிற்கிறார்கள். டாக்டரின் துணையான ரோஸ் வீட்டுச் சோறு, தொலைபேசியில் கத்தும் அம்மா, இன்னொரு துணையான டானாவும் அவள் தாத்தாவும் ராத்திரி மேட்டில் உட்கார்ந்து தொலைநோக்கியில் பார்ப்பது. முடிவு சறுக்கினாலும் ஆட்கள் உயிரோடு இருந்தால் அது நல்ல எழுத்துதான் என்பேன்.

செக்கிங் டேபிள்

இதை நான் ஒத்துக்கொள்கிறேன் தம்பி. அதனால்தான் கெர்ப்லாமைத் தூக்கிப் போட மனசு வரவில்லை. டேன் அண்ணன் உயிரோடு இருக்கிற ஆள். கடைசியில் யாஸ் அந்தச் சங்கிலியை அவர் மகளிடம் கொண்டுபோய்க் கொடுக்கக் கிளம்புகிறாள். கம்பெனியைப் பற்றிப் பேச வேண்டிய இடத்தில் டாக்டர் பேசவில்லை, ஆனால் யாஸ் தன்னால் முடிந்ததைச் செய்தாள்.

நொய்யல்கரை (திருப்பூர்)

பொள்ளாச்சித் தம்பி சொல்வது டேவிஸின் பலம்தான். அவர் எழுதிய சீசன் முடிவுகளில் ஓட்டை இருந்தாலும் அவருடைய மனிதர்கள் தொடக்கத்தில் கேட்ட கேள்வியை விட்டு ஓடுவதில்லை. டானாவைப் பாருங்கள். தான் ஒன்றுக்கும் ஆகாதவள் என்று நினைத்துக்கொண்டு வந்தவள், உலகத்தையே காப்பாற்றுகிறாள். அப்புறம் அது எதுவுமே ஞாபகம் இல்லாமல் வீட்டுக்கு அனுப்பப்படுகிறாள். டாக்டர் மழையில் நனைந்துகொண்டு தாத்தாவிடம் சொல்லிவிட்டுப் போகிறார். முடிவு என்று நான் சொல்வது அதையும் சேர்த்துத்தான். உலகம் எப்படிப் பிழைத்தது என்பது எனக்கு இரண்டாம் பட்சம்.

கோபி வாய்க்கால்

வணக்கமுங்க. நான் 2024-இல் வந்த எபிசோடுகளில்தான் பார்க்கத் தொடங்கினேன், பழையது ஒன்றும் தெரியாது. அந்தச் சீசனில் டாக்டர் கண்ணிவெடி மேல் கால் வைத்துவிட்டு அசையாமல் நிற்கிற 'பூம்' ரொம்பப் பிடித்தது. நீங்கள் சொன்ன கம்பெனிக் கதைகளை எந்த வரிசையில் பார்க்கலாம்?

நொய்யல்கரை (திருப்பூர்)

பூம் பிடித்ததா? அப்படியானால் நேராக ஆக்ஸிஜனுக்குப் போங்கள். பூமில் ஆயுதக் கம்பெனியின் கணக்குதான் எத்தனை பேர் சாக வேண்டும் என்று தீர்மானிக்கிறது. அதே நரம்பு ஆக்ஸிஜனில் இன்னும் நேரடியாக ஓடும். அடுத்து கெர்ப்லாம். அதைப் பார்க்கும்போது எங்கள் சண்டையை மனசில் வைத்துக்கொள்ளாதீர்கள், உங்களுக்கு என்ன தோன்றுகிறதோ அதை இங்கே வந்து எழுதுங்கள். சன் மேக்கர்ஸைக் கடைசியில் வையுங்கள். முதல் பாகத்தில் செட்டைப் பார்த்து நிறுத்திவிடாதீர்கள், கார்டோ கூரைக்கு வரும் வரை பொறுங்கள்.

பவானி கூடுதுறை

நடுவில் ஒரு நாள் டீமன்ஸ் ஆஃப் த பஞ்சாப்பையும் பார்த்துருங்க. கம்பெனிக் கதை இல்லை, ஆனாலும் பாருங்க.